கடல் வழி

முதலில் உள்ளே வந்தவள் புது மனைவி. அவளுக்குப் பின்னால், கண்ணாடிக் கதவைப் பிடித்தபடி, அவன்.

டிராவல்ஸ் ஆபீசில் மூன்று மேசைகள். ஒன்றில் ஆளில்லை. இன்னொன்றில் மேனேஜர் போனில் யாரையோ சமாதானப்படுத்திக்கொண்டிருந்தார். மிச்சமிருந்தது அவனுடைய முன்னாள் மனைவியின் மேசைதான்.

இத்தனை டிராவல்ஸ் இருக்க, அவள் வேலை பார்க்கும் இடம்தானா இவனுக்குக் கிடைத்தது? வேண்டுமென்றே வந்திருக்கிறான். புதுப் பெண்டாட்டியைக் காட்டி வயிற்றெரிச்சலைக் கிளப்ப வந்திருக்கிறான். உள்ளங்காலிலிருந்து உச்சி வரை அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

சிரித்தாள். வாடிக்கையாளருக்கென்று வைத்திருக்கும் சிரிப்பு, சம்பளத்தில் சேர்த்தி.

வெளிநாட்டில் இருக்கும் ஒரு பெரிய தீம் பார்க்குக்குப் போக வேண்டுமாம். விமான டிக்கெட்டும் ஓட்டலும் முடிந்துவிட்டன. விமான நிலையத்திலிருந்து பார்க்குக்குப் போக, வர மட்டும் ஏற்பாடு செய்ய வேண்டும். பார்க் இருப்பது வளைகுடாவின் அக்கரையில். சுரங்க ரயில் உண்டு. பாலத்தின் மேல் பார்க்கின் சொந்த பஸ் போகும். இல்லையென்றால் வாடகைக் கார். அவள் ஒவ்வொன்றாகச் சொன்னாள்.

பஸ் என்று கேட்டதும் அவன் முகம் மலர்ந்தது.

"பஸ்ஸப் பத்தி மட்டும் இவங்ககிட்ட கேக்காத. இவங்க எலுமிச்சம்பழம் பார்ட்டி" என்று புது மனைவியிடம் சொல்லிவிட்டுச் சிரித்தான்.

அந்தச் சிரிப்பை அவள் வருஷக்கணக்கில் கேட்டிருக்கிறாள். கல்யாண வீடு, பிறந்தநாள், அவன் ஆபீஸ் விருந்து, எங்கே போனாலும் அந்தக் கதையை எடுத்துவிடுவான். மலைப்பாதை பஸ்ஸில் அவள் எலுமிச்சம்பழத்தை மோந்துகொண்டே வந்தது, கடைசியில் அவன் புதுச் சட்டை மேலேயே வாந்தி எடுத்தது. கூட்டம் விழுந்து விழுந்து சிரிக்கும். அவளும் சிரித்துவைப்பாள்.

கதை எப்போதும் சட்டையோடு முடிந்துவிடும். அப்போது அவள் முழுகாமல் இருந்ததும், ரயிலில் போகலாம் என்று கெஞ்சியதும், மறுநாள் ஆஸ்பத்திரியில் எல்லாம் கலைந்துபோனதும் அதில் வராது.

அவனை அவள் மன்னிக்கவில்லை. மன்னிக்கிற உத்தேசமும் இல்லை. மறந்துவிடு என்று புத்தி சொல்கிறவர்களுக்கு வேறு வேலை இல்லை.

புது மனைவி சிரிக்கவில்லை. வேறு வழி எதுவும் கிடையாதா என்று மட்டும் கேட்டாள்.

ஒரு வழி இருந்தது.

அக்கரைக்குக் கப்பல் விடுகிறார்கள். கப்பல் என்பது மரியாதைக்குச் சொல்வது. கொஞ்சம் பெரிய படகு, அவ்வளவுதான். இந்த மாதத்தில் காற்று வேறு பிசாசாய் அடிக்கும். போய் வந்த ஒரு குடும்பம், தரையில் நின்றாலும் ஆடுகிற மாதிரியே இருக்கிறது என்று வந்து சண்டை பிடித்ததிலிருந்து அவள் யாருக்கும் அதைச் சொல்வதில்லை.

அவனுக்குத் தண்ணீர் ஆகாது. கல்யாணமான புதிதில் ஏரியில் படகு ஏறி, கரை கண்ணுக்குத் தெரியும்போதே குடல் வெளியே வந்துவிடும்போல வாந்தி எடுத்து, படகின் அடியில் சுருண்டு படுத்துவிட்டான். யாரிடமும் சொல்லாதே என்று அவள் கையைப் பிடித்துக்கொண்டு அழாத குறை. அவளும் சொல்லவில்லை. பஸ் கதையை அவன் ஊரெல்லாம் தமுக்கடித்தபோதும் சொல்லவில்லை. விவாகரத்தின்போது வக்கீலிடம்கூடச் சொல்லவில்லை.

இப்போதும் சொல்லப் போவதில்லை.

கப்பலின் படத்தைப் பெரிதாக்கித் திரையை அவர்கள் பக்கம் திருப்பினாள். மேல்தளம், கடல் காற்று, அந்தி வெளிச்சத்தில் தண்ணீருக்கு அப்பால் பார்க்கின் கோபுரங்கள்.

"நல்லா என்ஜாய் பண்ணலாம் மேடம். வயித்தப் பிரட்டுற ஆளுங்களுக்குத்தான் ஆகாது" என்றாள், அவன் பக்கம் திரும்பாமல்.

புது மனைவி குழந்தை மாதிரி கை தட்டினாள். இதிலேயே போகலாம் என்று அவன் தோளைப் பிடித்து உலுக்கினாள்.

எலுமிச்சம்பழம் என்று சொன்ன வாயின் ஈரம் இன்னும் காயவில்லை. எந்த முகத்தை வைத்துக்கொண்டு வேண்டாம் என்பான்? ரயில் என்றால் சீக்கிரம் போகுமே என்று முனகிப் பார்த்தான். யாரும் காதில் வாங்கவில்லை.

கார்டை நீட்டியபோது அவன் நெற்றி வேர்த்திருந்தது. ஏசியின் கீழேதான் உட்கார்ந்திருந்தான். அவளுக்குக் குளுகுளுவென்று இருந்தது.

வண்டியை எடுத்து வருகிறேன் என்று அவன் எழுந்து போனான். பிரிண்ட் வாங்கிக்கொள்ள புது மனைவி உட்கார்ந்திருந்தாள். அவன் கதவைச் சாத்துகிற வரைக்கும் பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, மேசைமேல் குனிந்தாள்.

"அக்கா, படகுல ஏறுனா அவருக்கு என்ன ஆகும்னு எனக்கும் தெரியும். யாருகிட்டயும் சொல்லாதன்னு என் கையையும் பிடிச்சாரு."

அவள் கீபோர்டிலிருந்து நிமிர்ந்து பார்த்தாள்.

"பஸ் கதையோட மிச்சத்த அவங்க அம்மா சொன்னாங்க. அதான் இந்த ஆபீசுக்குத்தான் வரணும்னு ஒத்தக் கால்ல நின்னேன். வரவே மாட்டேன்னாரு, இழுத்துட்டு வந்தேன். எலுமிச்சம்பழம் மாதிரி எனக்கும் ஒரு பேர் வச்சிருக்காருக்கா."

என்ன பேர் என்று அவள் கேட்கவில்லை. வெளியே ஹாரன் அடித்தது.

புது மனைவி கைப்பையை எடுத்துக்கொண்டு எழுந்தாள்.

"திரும்பி வரதுக்கும் கப்பலே போட்டுடுங்கக்கா."

அவள் பிரிண்டை எடுத்து நீட்டினாள். திரும்பி வருவதற்கும் கப்பல்தான் போட்டிருந்தாள். அதுவும், காற்று பலமாக அடிக்கிற நேரத்துக் கப்பல்.