மேற்படி

"ஸிடி என்ன சார் பெரிய ஸிடி! இதுல இருக்கற மொத்தத்தையும் ஒரே ஃப்ளாப்பியில அடைச்சுத் தரோம். மிச்ச இடத்துல உங்க வீட்டம்மா சமையல் குறிப்பு பூராவும் போட்டுக்கலாம்!"

வைத்தி மாமா சொன்னதைக் கேட்டதும் மாதுரிக்குக் கீபோர்டில் முட்டிக்கொள்ளலாம் போலிருந்தது.

தில்லி முனிர்காவில் அவளுடைய ஒற்றை அறைக் கம்பெனி. கம்ப்யூட்டர் ஃபைல்களைச் சுருக்கித் திரும்ப விரிக்கிற புரோகிராம் லைப்ரரி ஒன்றை மண்டையை உடைத்துக்கொண்டு எழுதியிருந்தாள் மாதுரி. அதை விற்க ஒரு வாய் வேண்டுமென்று, அப்பாவின் சிநேகிதரான வைத்தி மாமாவைச் சேர்த்துக்கொண்டது அவள் செய்த தப்பு. ரிடையராகும்வரை எந்த இலாகாவில் இருந்தார் என்றே அவளுக்குத் தெரியாது. திங்களன்று ரயில்வேயைத் தாங்கினேன் என்பார், செவ்வாயன்று ராணுவத்தை.

எதிரே உட்கார்ந்திருந்த இராஜமாணிக்கம் ஓர் அரசு இலாகாவின் டைரக்டர். சென்னையிலிருந்து மாற்றலாகிப் போன வாரம்தான் தில்லிக்கு வந்தவர். இலாகாவின் பழைய ஆண்டறிக்கைகள் அத்தனையும் அந்த ஸிடியில் இருந்தன. கிளை ஆபீஸ்களில் ஸிடி போடும் வசதி கிடையாது. ஃப்ளாப்பியில்தான் அனுப்பியாக வேண்டும். இந்த ஆர்டரும் போனால் மாதுரி கடையை மூட வேண்டியதுதான்.

"ஒரே ஃப்ளாப்பின்னு சொல்லிட்டீங்க. முடியலன்னா நான் வேற இடம் பார்த்துக்கிறேம்மா," என்றார் அவர்.

மாமாவை வாசலுக்கு இழுத்துப் போனாள் மாதுரி.

"சுருக்கினாலும் எட்டு ஃப்ளாப்பியாவது வேணும் மாமா! என் லைப்ரரி ஜாதூ மந்திரம் இல்ல. முன்னாடி வந்த வரியே திரும்ப வந்தா, மறுபடி எழுதாம 'மேற்படி'ன்னு ஒரு குறி போட்டு இடத்தை மிச்சம் பண்ணும். அவ்ளோதான்!"

"அச்சா, அது போறுமே!"

"எது போறும்? போன வாரம் ஒருத்தர்கிட்ட குதுப்மினாரையே டிபன் டப்பாவுல அடைப்போம்னேள். அவர் திரும்பியே வரல!"

"டப்பா கிடைக்கலையோ என்னவோ. நீ பட்டனைத் தட்டுடி, ஜல்தி!"

உள்ளே போய், பல்லைக் கடித்துக்கொண்டு தட்டினாள். திரையில் எண்கள் ஓடி நின்றன. கண்ணைக் கசக்கிக்கொண்டு மறுபடி பார்த்தாள். ஃப்ளாப்பியில் பாதிகூட நிரம்பவில்லை.

"சுருக்கினா ஆச்சா? விரிச்சுக் காட்டுங்க. ஒரு எழுத்து குறையக் கூடாது," என்றார் இராஜமாணிக்கம்.

விரித்தாள். ஸிடியோடு ஒப்பிட்டாள். ஒரு புள்ளிகூடக் குறையவில்லை. ஆர்டர் உங்களுக்குத்தான் என்று சொல்லிவிட்டு அவர் ஆட்டோ பிடிக்கப் போனார்.

"என்ன, கடையை மூடிடலாமா?" என்று கேட்டார் மாமா.

"சும்மா இருங்கோ மாமா. எங்கேயோ தப்பு நடந்திருக்கு. இப்படி நடக்கவே நடக்காது!"

தப்பைத் தேடி, விரித்த அறிக்கைகளை ஒவ்வொன்றாகத் திறந்தாள்.

1972: 'இவ்வாண்டு எதிர்பாராத மழையால் பணிகள் சற்றே தாமதமாயின, அடுத்த ஆண்டு சீராகும்.' 1973-ஐத் திறந்தாள். அதே எதிர்பாராத மழை. 1985-லும் கொட்டியது. 1994-லும் விடவில்லை. முதல் பக்கத்திலிருந்து கடைசிப் பக்கம்வரை, வருஷத்தைத் தவிர ஒரு வார்த்தை மாறவில்லை.

எல்லாவற்றின் அடியிலும் ஒரே பெயர்: 'தயாரித்தவர்: வைத்தியநாதன், செக்‌ஷன் ஆபீசர்.'

மாதுரி ஃப்ளாப்பியை வெளியே எடுத்தாள்.

"ஒத்துக்கறேன் மாமா. ஒரே ஃப்ளாப்பிதான். சமையல் குறிப்புக்கும் இடம் இருக்கு."