அணிலுக்காக ஒரு மறியல்

"அராஜகம் ஒழிக! அணிலை உள்ளே விடு!"

ஸ்டுடியோ வாசலில் கோஷம் போட்டுப் போட்டு எல்லோருக்கும் தொண்டை கட்டிவிட்டது. சங்கச் செயலாளர் சட்டையை இழுத்துவிட்டுக்கொண்டு தயாரிப்பாளரின் அறைக்குள் நுழைந்தார்.

பேர்தான் தயாரிப்பாளர். முதலாளி சேனல்காரன். நடிகை வராவிட்டாலும் திட்டு இவருக்குத்தான், சாப்பாடு ஆறிப்போனாலும் இவருக்குத்தான். சினிமாவிலும் டி.வி.யிலுமாகத் தலை நரைத்த மனிதர். அந்த முகத்தைத் திரையில் ஒருவரும் பார்த்ததில்லை.

"அணிலை எதுக்கு சார் நிறுத்தினீங்க?"

"எனக்குப் பிடிக்கல."

"கூரையை ஒட்டின உச்சிப் பலகையில ஓடியாடி லைட் கட்டுறவன் சார் அவன்! அதனாலதான் அணில்னே பேரு. அவனைப் போய் செட்டே வேடிக்கை பார்க்க, 'வெளியே போடா'ன்னு கத்தியிருக்கீங்க."

"ஆமா, கத்தினேன்." தயாரிப்பாளர் கண்ணை மூடிக்கொண்டார். மேஜையில் டீ ஆடை படிந்து கிடந்தது. "சாமான் அறையில ஒரு வேலை இருக்கு. உட்கார்ந்த இடத்து வேலை. வேணும்னா அதைக் கொடுக்கிறேன்."

செயலாளருக்குச் சுர்ரென்று ஏறியது.

"உசரத்துல நின்னவனை மூலையில உட்கார வைக்கவா நாங்க வெயில்ல காயறோம்? மறுபடி மேலே ஏத்துங்க. வேற பேச்சே கிடையாது!"

"அவன்கிட்ட ஒரு வார்த்தை கேட்டுப் பாருங்களேன்."

"கேக்கணுமா? தொழிலாளி மனசு சங்கத்துக்குத் தெரியாதா சார்?"

தயாரிப்பாளருக்குச் சிரிக்கக்கூடத் தெம்பில்லை. போன் அடித்தது. எடுத்துக் கேட்டார். சேனல்.

"புரியுது... இன்னைக்கு ஷூட்டிங் நடந்தே ஆகணும். ஆனா அவனை ஏத்த மாட்டேன். நான் வேணா வீட்டுக்குப் போறேன்."

கண்ணாடியை உறையில் போட்டார். சாப்பாட்டுப் பையை எடுத்தார். இத்தனை வருஷத்து உத்தியோகம் அந்தப் பைக்குள் அடங்கிவிட்டது.

அவர் வெளியே வந்ததும் வாசலில் விசில் பறந்தது. முன் வரிசையில், கோஷ அட்டையால் முகத்தை மறைத்தபடி உட்கார்ந்திருந்த அணில் திடுக்கிட்டு எழுந்தான். "சார்..." என்று ஓர் அடி வைத்தான். தயாரிப்பாளர் 'வேண்டாம்' என்பதுபோல் தலையை அசைத்துவிட்டு நடந்தார்.

"பார்த்தியா, போறப்பவும் மிரட்டிட்டுப் போறான்!" என்றார் செயலாளர்.

அணிலை ஏற்றச் சொல்லிச் சேனலிலிருந்து உத்தரவு வந்துவிட்டது. அணிலுக்கு மாலை போட்டு, கையைப் பிடித்து, ஏணியடிக்கு அழைத்து வந்தார்கள்.

"ஏறுடா! ஜெயிச்சிட்டோம்!"

அணில் முதல் படியில் காலை வைத்தான். கால் வெடவெடவென்று நடுங்கியது. மாலையோடு செயலாளரின் தோளைக் கட்டிக்கொண்டான்.

"முடியலண்ணே. மேலே போனாலே கண்ணு இருட்டுது. போன மாசம் விழப் போனேன், அவர்தான் பார்த்தார். 'அணிலுக்குப் பயம் வந்துடுச்சுன்னு ஊரே சிரிக்கும் சார், நீங்களே துரத்தின மாதிரி துரத்திடுங்க'ன்னு அவர் கால்ல விழுந்தேன். யார்கிட்டயும் சொல்ல மாட்டேன்னு சத்தியம் பண்ணிக் கொடுத்தார்ண்ணே."

செயலாளர் அவனை ஏணியிலிருந்து இறக்கிவிட்டார்.

"என்கிட்டயாவது சொல்லியிருக்கலாமேடா?"

"எனக்காக நீங்க பேசிக்கிட்டே இருந்தீங்கண்ணே. என்னை எங்கே கேட்டீங்க?"