மூன்றாம் சுற்று

எழுபத்தையாயிரம் ரூபாய். அவருடைய நினைவுக்கு நாச்சியப்பன் போட்ட விலை.

சுரப்புத்தகத்தைப் பார்த்துப் பியானோ வாசித்தால் ஒன்றேகால் லட்சம். பார்க்காமல் வாசித்தால் இரண்டு. நாச்சியப்பன் தரைக்கு டைல்ஸ் விற்கிறவர். மேற்கத்திய இசைச் சங்கத்துக்குச் செயலாளர். இரண்டு இடத்திலும் பளபளப்புக்குத் தனி விலை.

இப்போது அந்த எழுபத்தையாயிரம் அவருடைய இடது கட்டைவிரலில் நிற்கிறது.

தவறான கட்டையின் மேல்.

அறுநூறு பேர் கேட்டுக்கொண்டிருக்கிறார்கள். ஒருவருக்கும் தெரியாது. இந்த இசை ஓரிடத்தில் இரண்டாகப் பிரியும். கறுப்புக் கட்டைக்குப் போனால் நடுப்பகுதிக்குள் நுழைந்து, நான்கு நிமிடம் சுற்றிவிட்டு, மறுபடி அதே இடத்துக்குக் கொண்டுவந்து விடும். அப்போது வெள்ளைக்குப் போக வேண்டும். போனால் முடிவு. கைதட்டல். வீடு.

அவர் இரண்டாம் முறையும் கறுப்புக்குப் போய்விட்டார்.

இனி நான்கு நிமிடம் இருக்கிறது.

முகத்தை மாற்றவில்லை. நாற்பது வருட மேடை. முகம் தானாகப் பார்த்துக்கொள்ளும்.

ஒரு சுற்று கூடினால், விரும்பிச் சேர்த்தார் என்பார்கள். மறுபடியும் கூடினால் அதற்கு வேறு பெயர். அந்தப் பெயரை ஒரு டாக்டர் மார்ச் மாதமே எழுதிக் கொடுத்துவிட்டார். வீட்டுப் பியானோவின் இருக்கைப் பெட்டிக்குள், பழைய புத்தகங்களுக்கு அடியில் கிடக்கிறது அந்தச் சீட்டு.

மனைவிக்குக்கூடத் தெரியாது.

மூன்று நிமிடம்.

வெள்ளை. வெள்ளை. வெள்ளை. சொல்லிக்கொண்டே வாசித்தார்.

எந்த வெள்ளை?

விரலுக்குத் தெரிந்ததை மூளை விசாரிக்கக் கூடாது. விசாரித்தால் விரலும் கையை விரித்துவிடும். இதை எத்தனை மாணவர்களுக்குச் சொல்லியிருக்கிறார். இன்று விசாரித்துவிட்டார்.

விரல் விழிக்கிறது.

அவர் இடப்பக்கம் ஒரு நாற்காலி இருந்த காலம் உண்டு. பத்தொன்பது வருடம் அதில் மனைவி லிடியா உட்கார்ந்திருந்தாள், தாள் திருப்ப. பிரியும் இடம் முதல் தடவை பக்கத்தின் நடுவில் வரும். அவள் அசையமாட்டாள். கடைசித் தடவை பக்கத்தின் அடிவரியில் வரும். அவள் எழுந்து நிற்பாள். இடது கையை நீட்டித் தாளின் மேல்முனையைப் பிடிப்பாள். அவருடைய தலை அசைந்ததும் திருப்புவாள். விரல் வெள்ளையில் இறங்கும்.

பிறகு நாச்சியப்பன்கள் வந்தார்கள். புத்தகம் போயிற்று. நாற்காலியும் போயிற்று. அவள் முன்வரிசைக்கு இறங்கினாள். ஓசி டிக்கெட்.

ஒரு நிமிடம்.

கழுத்தில் வியர்வை இறங்கியது. நிறுத்திவிடலாம். நெஞ்சுவலி என்று சொல்லலாம். நெஞ்சுவலிக்கு மரியாதை உண்டு. மறதிக்குக் கிடையாது.

வந்துவிட்டது. அந்த மெட்டு, அதே சிரித்த முகத்தோடு, மூன்றாம் முறையாக.

இன்னும் எட்டுத் தாளம்.

வலது கண்ணின் ஓரத்தில் ஏதோ அசைந்தது.

முன்வரிசையில் ஒருத்தி எழுந்து நின்றாள்.

“ஏம்மா, உக்காருங்க. மறைக்குதுல்ல?” பின்னால் இருந்து ஒரு பெண் குரல்.

அவள் உட்காரவில்லை.

“காசு குடுத்துட்டு உங்க முதுகையா பாக்குறது?”

அவள் காதில் வாங்கவில்லை. இடது கையை மெல்ல நீட்டினாள். இருவிரலால் காற்றில் எதையோ பிடித்துக்கொண்டாள்.

இடப்பக்கம் எழ வேண்டியவள் வலப்பக்கம் எழுந்திருக்கிறாள். விரல் அதற்கெல்லாம் பேரம் பேசவில்லை.

தலை அசைந்தது.

அவள் கை காற்றைத் திருப்பியது.

வெள்ளை.

அப்புறம் எல்லாம் இறக்கம். கடைசிச் சுரம் அடங்குவதற்குள் கைதட்டல் முந்திக்கொண்டது. அறுநூறு பேரும் எழுந்தார்கள். அவள் மட்டும் உட்கார்ந்தாள்.

திரைக்குப் பின்னால் நாச்சியப்பன் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டார்.

“இன்னொரு சுத்து சேத்துப் போட்டீங்களே சார்! குடுத்த காசுக்கு மேல சரக்கு. அதுக்குன்னு தனியா கேட்டுறாதீங்க.”

அவரே சிரித்துக்கொண்டார். ரசீதை நீட்டினார். எல்லாம் தட்டச்சு செய்து தயாராக இருந்தது. வாசிப்பு, புத்தகம் இல்லாமல். தாள் திருப்புபவர், இல்லை.

கையெழுத்து மட்டும் பாக்கி.

அவர் பேனாவைத் திறந்தார். வாசலில் மனைவி வந்து நின்றாள். அவருடைய மேல்துண்டு அவள் கையில். ஒன்றும் கேட்கவில்லை.

மார்ச் மாதத்திலிருந்தே அவள் ஒன்றும் கேட்டதில்லை. இருக்கைப் பெட்டியைத் தூசி தட்டுகிறவள் யார் என்பது அவருக்கு இப்போதுதான் உறைத்தது.

பேனா ரசீதில் இறங்கியது. ஒரு வரியை அடித்தது. அடுத்ததையும் அடித்தது. மேலே எழுதியது.

நாச்சியப்பன் வாங்கிப் பார்த்தார். பாதிச் சிரிப்பில் நின்றார். பழக்கம் விடவில்லை, கூட்டிப் பார்த்தார்.

வாசிப்பு, 1,25,000.

தாள் திருப்பியவர், லிடியா, 75,000.

ஆக, 2,00,000.

கணக்கு சரியாகத்தான் இருந்தது.