கை தவறி வந்த வரி

vd;idf; $l;bl;Lg; Ngh

தங்கையிடமிருந்து என் போனுக்கு வந்திருந்தது. மொட்டைத் தாதன் குட்டையில் விழுந்தான் என்பதுபோல, முன்னும் இல்லை, பின்னும் இல்லை.

கல்யாணமானதிலிருந்து அவளுடைய போனை அவள் புருஷன்தான் முதலில் பார்ப்பான். என்னிடம் பேசினாலும் ஸ்பீக்கரில்தான் பேச வேண்டும். போன முறை நேரில் பார்த்தபோது அவள் மணிக்கட்டில் கன்றிப்போயிருந்தது. கதவில் இடித்துக்கொண்டாளாம். எந்தக் கதவுக்கு விரல் இருக்கிறது?

என் கணவர் குறுக்கெழுத்துப் பைத்தியம். ஒவ்வொரு எழுத்துக்கும் அடுத்த எழுத்தைப் போட்டுப் பார்த்தார். முந்தைய எழுத்தைப் போட்டார். பின்னாலிருந்து படித்தார். டாலர் குறி இருக்கிறதே, பணம் கேட்கிறாளோ என்றார். வந்த கோபத்தில் அவர் பேனாவைப் பிடுங்கி வைத்துவிட்டேன்.

அந்த அரைப்புள்ளிகள்தான் என்னை உறுத்தின. ஒரு வரிக்குள் இத்தனை அரைப்புள்ளியை யார் போடுவார்கள்?

நான் போடுவேன். தினமும் போடுகிறேன்.

என் அச்சகத்துக் கணினியில் இன்னும் பழைய எழுத்துருதான். ஆங்கில விசைகளைத் தட்டினால் திரையில் தமிழ் விழும். அரைப்புள்ளியைத் தட்டினால் எழுத்தின் தலையில் புள்ளி விழும். அந்த எழுத்துரு இல்லாத இடத்தில் எல்லாம் இப்படித்தான் கந்தல் கந்தலாகத் தெரியும்.

கல்யாணத்துக்கு முன்னால் அவள் என் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்து அழைப்பிதழ் அடித்தவள். என்னைவிட வேகம்.

கணினிக்குப் போகவில்லை. சாப்பாட்டு மேசை மேல் விரல்களை வைத்து, ஒவ்வொரு எழுத்தாகப் பார்த்துத் தட்டினேன். மூளைக்குத் தெரியாதது விரலுக்குத் தெரிந்திருந்தது.

என்னைக்.

கூட்டிட்டுப்.

கடைசியாக, போ. வாய்விட்டுப் படித்தேன். கணவர் எழுந்து போய்க் கார் சாவியை எடுத்தார்.

போன் அடித்தது. அவள்தான்.

"அக்கா, கை தவறி ஏதோ வந்துடுச்சு. உனக்கு ஏதாவது புரிஞ்சுதாக்கா?"

கேள்வி அவளுடையது இல்லை. அவளுக்குப் பின்னால் யாரோ தொண்டையைச் செருமினார்கள்.

செருப்பை மாட்டிக்கொண்டே சிரித்தேன். எப்படிச் சிரித்தேனோ தெரியவில்லை.

"பூனை நடந்துபோன மாதிரி இருந்துச்சுடி. தலையும் புரியல, வாலும் புரியல."



"சரிக்கா" என்றாள். அவ்வளவு சின்னக் குரலில் அவள் பேசி நான் கேட்டதில்லை.

கார் கிளம்பிவிட்டது. நாங்கள் போய்ச் சேரும்வரை, எனக்கு ஒன்றும் புரியவில்லை என்று நம்பிக்கொண்டுதான் அவள் அந்த வீட்டுக்குள் இருக்க வேண்டும்.