எள்ளளவு நூல்

விரும்பியதைத் தொட்டால் அது இல்லாமல் போய்விடும் என்று அரைவழி நெறியார் நம்பினார்கள். அதனால் மணநாளிலேயே வேயனையும் நொச்சியையும் உப்புவெளியின் இரு ஓரங்களில் நிறுத்தி, நடுவே நூல் கட்டினார்கள். ஆண்டுக்கொரு முறை அளவுக்காரி வந்து நூலைப் பாதியாக நறுக்குவாள். மிச்ச நூலின் நீளத்துக்கு இருவரும் நெருங்கி நிற்பார்கள். இருபத்திரண்டாம் ஆண்டு அது எள்ளளவு ஆனது.

“மூச்சு மேல படுதே, அது தொட்ட கணக்குல சேருமா அக்கா?” என்றான் வேயன்.

“மூச்சுக்கு நூல் கிடையாது,” என்றாள் அளவுக்காரி.

அப்போது காற்றடித்தது. நொச்சியின் நரைமுடி ஒன்று அவன் கன்னத்தில் வந்து ஒட்டியது. வேயன் கண்களை இறுக மூடிக்கொண்டான்.

“அக்கா, அவ இருக்காளான்னு பாத்துச் சொல்லுங்க.”

“என்னையே கேக்கலாம்ல,” என்றாள் நொச்சி.

அவன் கண்ணைத் திறக்கவில்லை. அந்த முடி விழுந்துவிடாதபடி முகத்தை அசைக்காமல் நின்றான்.