கடை முதலாளி

நீதிமன்றத்தின் கடைசி பெஞ்சில் பிளைவுட் கடைக்காரர் பாதி ஆளாக ஒடுங்கிப்போய் உட்கார்ந்திருந்தார். கொடுத்த செக் பணமில்லாமல் திரும்பி வந்து, சரக்குக் கொடுத்தவர் வழக்குப் போட்டு, இன்று முதல் வாய்தா.

"தெரிஞ்சவங்க யாராவது பார்த்துட்டா முகத்தை எங்கே கொண்டுபோய் வெச்சுக்கிறது?" என்று முணுமுணுத்தார்.

"பார்த்தா பார்க்கட்டும். நாம என்ன திருடினோமா?" என்றாள் மனைவி. "முதல்ல தண்ணியைக் குடிங்க. காலையிலேர்ந்து பச்சைத் தண்ணி படலை பல்லுல."

அவள் ஆறுதல் சொல்லச் சொல்ல, பூமி பிளந்து தன்னை விழுங்கிவிடாதா என்றிருந்தது அவருக்கு.

"ஜெயில் வரைக்கும் போகுமா சார்?" என்று வக்கீலிடம் கேட்டார்.

"பணத்தைக் கட்டலைன்னா போகும். செக்குல கையெழுத்துப் போட்டவங்கதானே பதில் சொல்லணும்? இன்னிக்கு ஜாமீன் பத்திரம் கொடுத்துட்டுப் போயிடலாம்."

வழக்கு எண்ணைக் கூப்பிட்டார்கள். கடைக்காரர் பதறியடித்து எழுந்து கூண்டுப் பக்கம் நடந்தார். வக்கீல் சட்டையைப் பிடித்து இழுத்தார்.

"நீங்க உட்காருங்க."

மனைவி கைப்பையை அவர் மடியில் வைத்துவிட்டுப் போய்க் கூண்டில் ஏறி நின்றாள்.

பழைய வியாபாரம் நொடித்ததிலிருந்து அவரை எந்த வங்கியும் நம்பவில்லை. கடை, கணக்கு எல்லாமே அவள் பெயரில். அவள் சமைத்துக்கொண்டிருக்கும்போதுதான் செக் புத்தகத்தை நீட்டுவார். ஈரக் கையைத் துடைத்துக்கொண்டு அவள் கேட்பது ஒரே கேள்விதான்.

குமாஸ்தா ஜாமீன் பத்திரத்தை நீட்டினார். பேனாவை வாங்கியவள், பழக்க தோஷத்தில், கடைசி பெஞ்சைத் திரும்பிப் பார்த்தாள்.

"எங்கேங்க போடணும்?"