மூடி மேல் ஒரு மீன்

"அதிதி, கைய எடு!" என்று ரோஜா கத்தி முடிப்பதற்குள் ஜாடி தரைக்கு வந்துவிட்டது.

மட்டாஞ்சேரி பழம்பொருள் கடையில் எல்லோரும் இரண்டடி பின்வாங்கினார்கள்.

நாலு வயது அதிதி மட்டும் சில்லுகளுக்கு நடுவில் நின்றுகொண்டு, "அம்மா, இதுல மாங்கா இல்ல" என்றாள்.

அவளைச் சொல்லிக் குற்றமில்லை. வீட்டில் ரோஜா ஊறுகாய் போட்டு வைப்பதும் இதே போலப் பீங்கான் ஜாடியில்தான். ஜாடி என்றால் உள்ளே மாங்காய் இருக்கும். பிள்ளைக்குத் தெரிந்தது அவ்வளவுதான்.

ஆனால் இது ஊறுகாய் ஜாடியா? பத்து நிமிடத்துக்கு முன்னால்தான் கடைக்காரர் ஜாபர் சாதிக், சுற்றுலா வந்த இருபது பேரையும் சுற்றி நிற்கவைத்துச் சொல்லியிருந்தார்.

"சீனாவுலேர்ந்து கப்பல்ல வந்தது. நூத்தம்பது வருஷம் இருக்கும். மூடி மேல மீனு பாத்தீங்களா? செதில் ஒவ்வொண்ணும் கையால கீறினது. கடையில மத்தது எல்லாம் விலைக்கு. இது பாக்க மட்டும்!"

சாதாரணக் குரலா அது! மிளகு கோடவுனில் மூட்டைகளுக்கு மேலே கத்திக் கத்தி வளர்ந்தவர். ஜாபர் இக்கா ரகசியம் பேசினால் படகுத்துறை வரை கேட்கும் என்று கைடு ஸுப்ரியா வரும்போதே சிரித்திருந்தாள்.

இப்போது ஸுப்ரியா முகத்தில் சிரிப்பே இல்லை.

"பிள்ளைய வளக்குற லட்சணத்தப் பாருங்க!" என்று ஆரம்பித்தார் கூட வந்த ரமேஷ்பாபு. "நூத்தம்பது வருஷத்துச் சாமான்! மியூசியத்துக்கும் மீன் மார்க்கெட்டுக்கும் வித்தியாசம் தெரிய வேண்டாமா?"

ரோஜாவின் புருஷன் இசக்கிமுத்துவுக்குக் கலூரில் டைல்ஸ் ஒட்டும் வேலை. ஒரு டைல்ஸ் உடைந்தாலே அன்றைக்குக் கூலியில் பிடித்துவிடுவார்கள். அவன் சில்லுகளைப் பார்த்தான், ரோஜாவைப் பார்த்தான்.

ரோஜாவின் கை தானாகக் காதுக்குப் போனது. தாலியை விட்டால் அவளிடம் இருந்த தங்கம் அந்தக் கம்மல்தான். திருகைக் கழற்றி, உள்ளங்கையில் வைத்து நீட்டினாள்.

"பாய், இத வச்சுக்கிடுங்க. மிச்சத்த மாசாமாசம் குடுத்துருதோம். பிள்ளைய மட்டும் ஒண்ணும் சொல்லாதீங்க."

ஜாபர் அந்த உள்ளங்கையையே பார்த்தார். பிறகு கடை அதிரச் சிரித்தார்.

"கம்மல மாட்டு மோளே! இது போன மாசம் வந்த டூப்ளிகேட். நாலு பேரு உள்ள வரணும்னா ஒரு கதை வேண்டாமா? அதான் கப்பல் வந்துச்சு, சீனா வந்துச்சு!"

சொல்லிக்கொண்டே சில்லுகளைக் காலால் ஒதுக்கிவிட்டார்.

ரோஜாவுக்கு வயிற்றில் பால் வார்த்த மாதிரி இருந்தது. இசக்கிமுத்து "யப்பா சாமி!" என்று பக்கத்திலிருந்த மரப்பெட்டி மேலேயே உட்கார்ந்துவிட்டான்.

ரமேஷ்பாபு அப்படியே கட்சி மாறினார். "அடப்பாவி! அப்ப இந்த வெங்கல விளக்கும் டூப்ளிகேட்தானா?"

வாங்குவதற்கென்று எடுத்து வைத்திருந்த விளக்கு, நகைப்பெட்டி, தட்டு எல்லாம் ஒவ்வொன்றாக அலமாரிக்கே திரும்பின.

பயம் போன இடத்தில் ரோஜாவுக்குக் கோபம் வந்து உட்கார்ந்துகொண்டது. கம்மலை மாட்டியபடியே கேட்டாள்: "நான் கழட்டுற வரைக்கும் நின்னு வேடிக்கை பாத்தீங்களே பாய்! இப்படி ஊர ஏமாத்தித்தான் பொழைக்கணுமா?"

"தப்புதான் மோளே" என்றார் ஜாபர். "பிள்ளைக்குச் செருப்பைப் போட்டு விடு. சில்லு குத்திரும்."

பஸ் கிளம்பியதும் ஒரே கும்மாளம்.

"அடுத்து எங்கம்மா கைடு? கயிறு திரிக்கிற இடமா? அந்தக் கயிறும் சீனாவுலேர்ந்துதான் வந்துச்சா?" என்றார் ரமேஷ்பாபு. "வழியில நூத்தம்பது வருஷத்துச் சாயா ஒண்ணு குடிக்கலாம்!"

எல்லோரையும்விட ரோஜாதான் அதிகம் சிரித்தாள். உயிர் தப்பின சிரிப்பு. முன் சீட்டில் இருந்த ஸுப்ரியாவின் தோளைத் தட்டி, "அந்தக் கடைக்கு இனிமே யாரையும் கூட்டிட்டுப் போகாத, என்னா?" என்றாள்.

"ம்" என்றாள் ஸுப்ரியா. திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

"அம்மா, மீனு!"

அதிதி கவுன் பாக்கெட்டிலிருந்து எடுத்து நீட்டினாள். மூடி மேல் இருந்த மீன். வால் பக்கம் கூராக உடைந்திருந்தது.

"ஏட்டி, கையக் கிழிச்சிரும். குப்பையெல்லாம் பொறுக்கிட்டு வந்திருக்கா பாரு!" ரோஜா பிடுங்கி, ஜன்னல் கண்ணாடியைத் தள்ளி, கையை வெளியே நீட்டினாள்.

அப்போது ஸுப்ரியாவின் போன் அடித்தது. எடுத்துக் காதோடு அழுத்திப் பொத்திக்கொண்டாள். அந்தக் குரலைப் பொத்த முடியுமா?

"மோளே, சில்லெல்லாம் பொறுக்கியாச்சு. மூடியில மீன மட்டும் காணோம். எங்க வாப்பாவோட வாப்பா காலத்துலேர்ந்து வீட்டுல இருந்த ஜாடியாச்சே, ஒட்டியாவது வச்சுக்கலாம்னு பாக்குறேன். பிள்ளை உடுப்புல இருக்கான்னு மெல்லப் பாரு..."

ஜன்னலுக்கு வெளியே நீண்ட ரோஜாவின் கை அப்படியே நின்றது. விரல்கள் மட்டும் மீனை இறுக்கிப் பிடித்துக்கொண்டன.

"...அந்தப் பொண்ணுக்குத் தெரியாம பாத்துக்கோ. பாவம், இப்பத்தான் கம்மலைத் திருப்பி மாட்டியிருக்கு."